வேரா மென்ச்சிக் சங்கத்தில் சேர்ந்தவர்கள்



இந்த மாதச் சுவர் இதழில் விளையாட்டில் சாதித்தவர் பகுதிக்குத் தமிழம்மா என் பேரைப் போட்டுட்டாங்க. எனக்குச் செஸ் பிடிக்கும்னு அம்மாவுக்குத் தெரியும். ஆனா குறுவட்டப் போட்டி முடிஞ்ச நாளிலிருந்து நான் செஸ் போர்டைத் தொடவே இல்லைங்கறது அவங்களுக்குத் தெரியாது.

ஏன்னு சொல்றேன். போட்டிக்கு முன்னாடி சாப்பாட்டு இடைவேளையில் பி.டி. சார் எங்க எல்லாரையும் கலந்து ஆடச் சொன்னார். அதில் பத்தாம் வகுப்பு அண்ணன் ஒருத்தரை நான் ஜெயிச்சேன். போயும் போயும் ஒரு பொண்ணுகிட்டத் தோத்துட்டியேன்னு சுத்தி நின்னவங்க அவரை ஓட்டின ஓட்டில், அந்த அண்ணன் அப்புறம் என்கூட ஆடவே வரலை. மத்த பையன்களும் வரலை. எல்லாம் கிண்டலுக்குப் பயந்துதான். சரி, குறுவட்டத்தில் பார்த்துக்கலாம்னு போனேன். நாலு ரவுண்டில் மூணு தோல்வி! திரும்பி வரும்போது பஸ்ஸில், அன்னைக்கு அவ ஜெயிச்சது குருட்டு அதிர்ஷ்டம்னு பின் சீட்டில் பேசிக்கிட்டது என் காதில் விழுந்தது. அன்னையோட போர்டை மூடி வச்சுட்டேன்.

விஸ்வநாதன் ஆனந்த் பற்றி எழுதலாம்னுதான் நூலகத்துக்குப் போனேன். அவரைப் பற்றி நம்ம இதழில் ஏற்கெனவே நிறைய வந்தாச்சு. வேற யாருன்னு தேடினப்போ கிடைத்த பேர்தான் வேரா மென்ச்சிக். உலகத்தின் முதல் பெண்கள் செஸ் சாம்பியன். இவரது கதையைப் படித்ததும், இதை நான்தான் எழுதணும்னு தோணிடுச்சு. நீங்களும் முழுசாப் படியுங்க. கடைசியில் கேள்விகள் உண்டு!

மாஸ்கோவில் ஒரு சிறுமி

வேரா 1906-ஆம் ஆண்டு பிப்ரவரி 16-ஆம் தேதி ரஷ்யாவின் மாஸ்கோ நகரில் பிறந்தார். அப்பா செக் நாட்டுக்காரர். அம்மா ஆங்கிலேயர். ஒல்கா என்று ஒரு தங்கை. வேராவுக்கு ஒன்பது வயது ஆனபோது அப்பா ஒரு செஸ் போர்டு வாங்கிக் கொடுத்து ஆடவும் கற்றுக்கொடுத்தார். ஓரளவு வசதியான குடும்பம்தான். ஆனால் 1917-இல் ரஷ்யப் புரட்சி வந்தது. இருந்த சொத்து கையைவிட்டுப் போனது. குடியிருந்த வீட்டையும் மற்றவர்களோடு பகிர்ந்துகொள்ள வேண்டியதாயிற்று.

1921-இல் குடும்பம் ரஷ்யாவை விட்டுக் கிளம்பியது. அப்பாவும் அம்மாவும் பிரிந்துவிட்டார்கள். அப்பா தன் சொந்த நாட்டுக்குப் போக, அம்மா இரண்டு பெண்களையும் அழைத்துக்கொண்டு இங்கிலாந்தில் ஹேஸ்டிங்ஸ் என்ற கடலோர ஊருக்கு, பாட்டி வீட்டுக்கு வந்தார்.

வேராவுக்கு அப்போது பதினைந்து வயது. நல்லாத் தெரிந்த மொழி ரஷ்யன். ஆங்கிலம் சரியாக வராது. புது ஊர், புதுப் பேச்சு, பேச ஒரு தோழிகூட இல்லை. யோசித்துப் பாருங்க, நம்ம வகுப்பில் வேற மாநிலத்திலிருந்து புதுசா ஒரு பிள்ளை வந்து சேர்ந்தா எப்படி மூலையில் உட்கார்ந்திருக்கும்! ஆனால் செஸ்ஸுக்கு மொழி தேவையில்லையே. குதிரை எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் தாண்டும். 1923-இல் வேரா ஹேஸ்டிங்ஸ் செஸ் சங்கத்தில் சேர்ந்தார்.

அது அவருடைய நல்ல நேரம். ஹங்கேரி நாட்டின் பெரிய ஆட்டக்காரர் கேசா மரோட்சி அப்போது அந்த ஊரில் இருந்தார். அவரிடம் வேரா பாடம் கற்றார். அவசரப்படாமல், காய்களை ஒழுங்காக நிறுத்தி, கடைசிக் கட்டத்தில் பொறுமையாக ஆடி ஜெயிப்பது மரோட்சியின் வழி. மாணவிக்கும் அதே பழக்கம் வந்தது.

1926-இல் பிரிட்டனில் சிறுமிகளுக்கான சாம்பியன் போட்டி முதன்முதலாக நடந்தது. வேரா ஜெயித்தார். 1927-இல் லண்டனில் உலகப் பெண்கள் சாம்பியன் போட்டி முதன்முதலாக நடந்தது. அதிலும் வேராதான்! 11 ஆட்டங்களில் 10 வெற்றி, 1 டிரா. அப்போது அவருக்கு வயது 21.

தோல்வியே தெரியாத ராணி

அந்தப் பட்டத்தை அவர் பிறகு யாருக்கும் விட்டுக்கொடுக்கவே இல்லை. 1930 ஹாம்பர்க், 1931 பிராக், 1933 ஃபோக்ஸ்டோன், 1935 வார்சா, 1937 ஸ்டாக்ஹோம், 1939 புவெனஸ் அயர்ஸ் என்று போட்டி நடந்த ஊர்தான் மாறியதே தவிர சாம்பியன் மாறவில்லை. மொத்தம் ஏழு முறை!

கணக்கைப் பாருங்க. இந்த ஏழு போட்டிகளிலும் சேர்த்து அவர் ஆடியது 83 ஆட்டங்கள். வெற்றி 78. டிரா 4. தோல்வி ஒன்றே ஒன்று. பிராக்கில் 8-க்கு 8, ஃபோக்ஸ்டோனில் 14-க்கு 14, வார்சாவில் 9-க்கு 9, ஸ்டாக்ஹோமில் மறுபடியும் 14-க்கு 14. நம்ம வகுப்பில் கணக்குப் பரீட்சைக்குக்கூட யாரும் இப்படித் தொடர்ந்து முழு மார்க் வாங்கினதில்லை!

இதோடு நிறுத்தியிருந்தால் வேரா தோல்வியே தெரியாத ராணியாகவே இருந்திருப்பார். பெண்கள் போட்டியில் மட்டும் ஆடிவிட்டு, கோப்பையை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். ஆனால் அவர் அப்படிச் செய்யவில்லை. இங்கேதான் கதையே ஆரம்பிக்குது.

சங்கம் பிறந்த கதை

1929-ஆம் ஆண்டு. செக்கோஸ்லோவாகியா நாட்டில் கார்ல்ஸ்பாட் என்ற ஊரில் ஒரு மாபெரும் செஸ் போட்டி. உலகத்தின் தலைசிறந்த 22 பேர் ஆட வந்தார்கள். 21 ஆண்கள், ஒரே ஒரு பெண். அந்த ஒருவர் வேரா.

ஒரு பெண்ணை இதில் எதற்குச் சேர்த்தார்கள் என்று சிலருக்குச் சிரிப்பு. வியன்னாவைச் சேர்ந்த ஆல்பர்ட் பெக்கர் என்ற ஆட்டக்காரர் கேலியாக ஒரு யோசனை சொன்னார். வேராவிடம் யாராவது தோற்றால் அவரை வேரா மென்ச்சிக் சங்கத்தில் உறுப்பினராகச் சேர்த்துவிட வேண்டுமாம்! எல்லோரும் சிரித்தார்கள்.

அப்புறம் நடந்ததுதான் வேடிக்கை. அந்தச் சங்கத்தின் முதல் உறுப்பினர் யார் தெரியுமா? அதே ஆல்பர்ட் பெக்கர்தான்! அந்தப் போட்டியிலேயே வேரா அவரைத் தோற்கடித்துவிட்டார். ஜெர்மனியைச் சேர்ந்த சாமிஷ் என்ற கெட்டிக்காரரும் அதே போட்டியில் தோற்று, சங்கத்தில் சேர்ந்தார்.

அதற்குப் பிறகு வருஷா வருஷம் உறுப்பினர் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போனது. சிலரைப் பார்ப்போமா?

மாக்ஸ் யூவே: நெதர்லாந்து நாட்டுக்காரர். ஹேஸ்டிங்ஸ் போட்டிகளில் வேராவிடம் இரண்டு முறை தோற்றார். இவரே 1935-இல் அலேகினைத் தோற்கடித்து உலகச் சாம்பியன் ஆனார். பின்னாளில் உலகச் செஸ் கூட்டமைப்புக்கே தலைவராக இருந்தார்.

மீர் சுல்தான் கான்: அன்றைய இந்தியாவின் பஞ்சாபைச் சேர்ந்தவர். அந்த ஊர் இப்போது பாகிஸ்தானில் இருக்கிறது. 1929, 1932, 1933 என மூன்று முறை பிரிட்டன் சாம்பியன். முன்னாள் உலகச் சாம்பியன் காபாபிளாங்காவையே வீழ்த்தியவர். அவரும் வேராவிடம் தோற்றிருக்கிறார்.

சர் ஜார்ஜ் தாமஸ்: இரண்டு முறை பிரிட்டன் செஸ் சாம்பியன். இவர் சங்கத்தின் பழைய உறுப்பினர், ஏனென்றால் வேராவிடம் பல முறை தோற்றவர். இவர் பெரிய பாட்மிண்டன் வீரரும்கூட. 2022-இல் இந்திய ஆண்கள் அணி ஜெயித்த தாமஸ் கோப்பை இவர் பேரில் உள்ளதுதான்!

அலெக்சாண்டர்: இவரும் பிரிட்டன் சாம்பியன். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியர்களின் எனிக்மா ரகசியச் செய்திகளை உடைத்த குழுவில் முக்கியமானவர். ஜெர்மானியர்களின் ரகசியத்தை உடைத்தவரும் வேராவிடம் தோற்றிருக்கிறார்!

இன்னும் அமெரிக்காவின் ரெஷெவ்ஸ்கி, பெல்ஜியத்தின் கோல், ஜெர்மனியின் மீசஸ் என்று பட்டியல் நீளும். கேலிக்காகத் தொடங்கின பேர், கடைசியில் மரியாதையான பேராக மாறிப்போச்சு. அத்தனை பெரிய ஆட்கள் இருக்கிற சங்கத்தில் இருப்பது அவமானமா என்ன?

பட்டியல் சொல்லாத விஷயம்

இதுவரைக்கும் படித்துவிட்டு எனக்கு ஒரே சந்தோஷம். பார்த்தியா, பொண்ணு எல்லாரையும் ஜெயிச்சுட்டாங்கன்னு நினைச்சேன். ஆனா அடுத்த பக்கம் படிச்சதும் கொஞ்சம் அதிர்ச்சி.

அந்தக் கார்ல்ஸ்பாட் போட்டியில் வேரா வாங்கிய இடம் எது தெரியுமா? கடைசி இடம். 21 ஆட்டங்களில் 3 புள்ளிகள். பெக்கரையும் சாமிஷையும் ஜெயித்தார், இரண்டு டிரா செய்தார், மீதி 17 ஆட்டங்களிலும் தோல்வி. 1935-இல் மாஸ்கோவில், தான் பிறந்த அதே ஊரில், பெரிய போட்டி ஒன்று நடந்தது. அங்கேயும் கடைசி இடம்தான். 19 ஆட்டங்களில் ஒரு வெற்றிகூட இல்லை. மூன்று டிராவுக்கு ஒன்றரைப் புள்ளி. காபாபிளாங்காவையும் அலேகினையும் அவர் வாழ்நாளில் ஒரு முறைகூட ஜெயித்ததில்லை.

எனக்கு மூணு தோல்விக்கே அழுகை வந்தது. அந்த அம்மாவுக்குப் பதினேழு! அதுவும் அத்தனை பேர் சிரிச்சுக்கிட்டே வேடிக்கை பார்க்கும்போது.

ஆனா நல்லாக் கவனியுங்க. கார்ல்ஸ்பாட் நடந்த அதே 1929-இல், அதற்குச் சில மாதங்கள் முன்பு, ராம்ஸ்கேட் என்ற ஊரில் ஒரு போட்டி. அதில் முதலிடம் காபாபிளாங்கா. அவருக்கு அரைப் புள்ளி மட்டுமே குறைவாக, ருபின்ஸ்டைன் என்ற மாமேதையோடு இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டவர் வேரா. அவருக்குக் கற்றுக்கொடுத்த குரு மரோட்சிகூட மாணவிக்குக் கீழேதான்! மாஸ்கோவில் கடைசியாக வந்தாரே, அங்கே அவர் டிரா செய்தவர்களில் ஒருவர் சாலோ ஃப்ளோர். அந்தப் போட்டியில் போட்வின்னிக்கோடு முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டவர் அவர்!

அப்பத்தான் எனக்கு ஒன்று புரிஞ்சது. வேராவுக்கு இரண்டு கதவு திறந்திருந்தது. ஒன்றில் போனால் 14-க்கு 14. இன்னொன்றில் போனால் 21-க்கு 3. அவர் முதல் கதவோடு நிற்காமல் இரண்டாவது கதவிலும் திரும்பத் திரும்பப் போனார். கடைசி இடம் வந்த அடுத்த வருஷமும் போனார். அப்படிப் போகாமல் இருந்திருந்தால் யூவே தோற்றிருக்க மாட்டார், சுல்தான் கான் தோற்றிருக்க மாட்டார், சங்கமும் இருந்திருக்காது.

போர் வந்தது

1937-இல் வேரா திருமணம் செய்துகொண்டார். கணவர் ஸ்டீவன்சன் இங்கிலாந்தில் செஸ் போட்டிகளை நடத்திவந்தவர். அதே ஆண்டு ஜெர்மனியைச் சேர்ந்த சோன்யா கிராஃப் என்ற கெட்டிக்காரப் பெண்ணோடு 16 ஆட்டங்கள் கொண்ட நேருக்கு நேர் போட்டியில் பதினொன்றரைக்கு நாலரை என்று ஜெயித்தார்.

1939-இல் அர்ஜென்டினாவின் புவெனஸ் அயர்ஸில் போட்டி நடந்துகொண்டிருந்தபோதே இரண்டாம் உலகப் போர் மூண்டது. இங்கிலாந்தின் ஆண்கள் அணி பாதியிலேயே ஊருக்குக் கப்பல் ஏறியது. வேரா இருந்து ஆடி முடித்தார். முக்கியமான ஆட்டம் சோன்யா கிராஃபோடு. சோன்யா ஜெயிக்க வேண்டிய நிலை. ஆனால் வேரா மனம் தளராமல் தாக்குப்பிடித்து ஆட்டத்தைத் திருப்பினார். மரோட்சி கற்றுக்கொடுத்த பொறுமை! அது ஏழாவது பட்டம்.

லண்டனுக்குத் திரும்பி அங்கே தொடங்கிய தேசியச் செஸ் மையத்துக்கு மேலாளர் ஆனார். 1940-இல் விழுந்த குண்டுகளில் அந்த மையம் அழிந்துபோனது. 1943-இல் கணவரும் இறந்தார். ஆனாலும் வேரா செஸ்ஸை விடவில்லை. கற்றுக்கொடுத்தார், போட்டிகளில் ஆடினார்.

1944 ஜூன் மாதம். ஜெர்மனி ஆள் இல்லாமல் பறந்து வரும் குண்டுகளை லண்டன் மீது ஏவிக்கொண்டிருந்தது. அதில் ஒன்று கிளாப்ஹாம் பகுதியில் வேரா இருந்த வீட்டின் மேல் விழுந்தது. வேரா, தங்கை ஒல்கா, அம்மா மூன்று பேருமே இறந்துபோனார்கள். வீடு தரைமட்டம். வேராவுக்கு 38 வயதுதான்.

இறந்தபோதும் அவர் உலகச் சாம்பியன். 17 ஆண்டுகள் அந்தப் பட்டம் அவரிடமே இருந்தது. அவரைத் தோற்கடித்து அதை வாங்கின ஆள் யாருமே இல்லை. போர் முடிந்து, 1949-50-இல் மாஸ்கோவில் தனியாக ஒரு போட்டி வைத்துத்தான் அடுத்த சாம்பியனைத் தேர்ந்தெடுத்தார்கள். அதில் ஜெயித்தவர் லுட்மிலா ருடென்கோ.

அந்தக் கோப்பை இப்போது

1957-இல் பெண்களுக்கான செஸ் ஒலிம்பியாட் ஆரம்பித்தது. ஜெயிக்கும் அணிக்குக் கொடுக்கும் கோப்பையின் பேர் வேரா மென்ச்சிக் கோப்பை!

2022-இல் நம்ம மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்ததே, வேட்டி கட்டின தம்பி குதிரையை எல்லாரும் பார்த்திருப்பீங்க. அப்போது பெண்கள் பிரிவில் உக்ரைன் முதலிடம் பெற்றது, இந்தியப் பெண்கள் வெண்கலம் வாங்கினார்கள். 2024-இல் ஹங்கேரியின் புடாபெஸ்ட் நகரில் நடந்த அடுத்த ஒலிம்பியாடில் இந்தியப் பெண்கள் தங்கமே வாங்கிவிட்டார்கள். ஹரிகா, நம்ம சென்னை வைஷாலி, திவ்யா, வந்திகா, தானியா ஐந்து பேரும் சேர்ந்து ஜெயித்தது வேரா பேரில் உள்ள கோப்பையைத்தான். வேராவின் குரு மரோட்சியின் நாட்டிலேயே அது நம்ம கைக்கு வந்திருக்கு, பார்த்தீங்களா!

முடிவாக ஒரு வார்த்தை

தோழிகளே, இதை எழுதி முடித்த அன்னைக்கே என் போர்டை மறுபடி பையில் எடுத்து வச்சுட்டேன். பி.டி. சாரிடமும் கேட்டாச்சு. வர்ற திங்கட்கிழமையிலிருந்து சாப்பாட்டு இடைவேளையில் வேப்பமரத்தடித் திண்ணையில் ஆடலாம்னு சொல்லிட்டார். யார் வேணும்னாலும் வரலாம். ஆறாம் வகுப்புப் பிள்ளைகளும் வாங்க, காய் நகர்த்தத் தெரியாதவங்களுக்கு நானே சொல்லித் தர்றேன்.

தோழர்களே, நீங்களும் வாங்க. பொண்ணுகிட்டத் தோத்தா கிண்டல் பண்ணுவாங்களேன்னு பயப்படாதீங்க. உலகச் சாம்பியன் யூவேயே தோத்திருக்கார். நானும் தோப்பேன். தோத்துட்டு மறுநாளும் வருவேன். அந்தப் பத்தாம் வகுப்பு அண்ணன் இதைப் படிச்சா, அண்ணா, உங்களுக்கு ஒரு ஆட்டம் பாக்கி இருக்கு. வெள்ளைக் காய் உங்களுக்கே தர்றேன்.

கண்டுபிடியுங்கள்!

1. வேரா மென்ச்சிக் சங்கத்தின் முதல் உறுப்பினர் யார்?
2. பாட்மிண்டன் கோப்பைக்குத் தன் பேரைத் தந்த செஸ் சாம்பியன் யார்?
3. உலகப் பெண்கள் பட்டப் போட்டிகளில் வேரா மொத்தம் எத்தனை ஆட்டங்களில் தோற்றார்?
4. வேராவின் குரு எந்த நாட்டைச் சேர்ந்தவர்?

விடைகள் எல்லாம் இந்தப் பக்கத்திலேயே இருக்கு. பேரும் வகுப்பும் எழுதி நூலக வாசலில் இருக்கும் பெட்டியில் போடுங்க. சரியாகச் சொன்னவர்கள் பேர் அடுத்த இதழில் வரும்.



இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி